முரளி பூட்டி வைத்த கடைசிப் புரோகிராம்

பேய், ஆவி என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து போய்விடுகிற ஆள் நான். வேலை அப்படி. சிங்கப்பூர் தஞ்சோங் பகாரில் ஆபீஸ், கம்ப்யூட்டர் வைரஸ்களைப் பிரித்து உள்ளே என்ன இருக்கிறது என்று சொல்வதற்குத்தான் சம்பளம். எழுதியவன், உள்ளே இருப்பது தெரியாதபடி உறை போட்டு மூடியிருப்பான். ஆனால் இயங்கும்போது அது தன் உறையைத் தானே கழற்றித்தான் ஆகவேண்டும், அந்த நேரம் பார்த்துப் பிடித்து நிறுத்தி உள்ளே இருப்பதை அள்ளிக்கொள்வோம்.

என் கணவர் முரளிக்கும் இதே தொழில். கல்யாண நாளுக்கு மற்றவர்கள் நகை வாங்கித் தருவார்கள், இவர் ஒரு குட்டிப் புரோகிராம் எழுதி, உறை மேல் உறையாகப் போட்டுத் தருவார். நான் முட்டி மோதி உடைத்தால் உள்ளே ஒரு வரி இருக்கும். போன வருஷம் மாரடைப்பு, ஒரு வார்த்தை பேசாமல் போய்விட்டார். அடுத்த கல்யாண நாளுக்கென்று எழுதி வைத்திருந்தது மட்டும் மிச்சம். அதை நான் தொடவே இல்லை. உடைத்துவிட்டால் அப்புறம் அவரிடமிருந்து எனக்கு வருவதற்கு எதுவும் இல்லையே.

ஒரு ஞாயிறு மதியம், புக்கிட் பாத்தோக் வீட்டில், தாங்க முடியாமல் உடைத்தேன். இதற்கென்றே இருக்கும் சோதனைக் கணினியில்தான். அதில் இணையம் கிடையாது, ஒவ்வொரு முறையும் எல்லாவற்றையும் துடைத்துப் பழைய நிலைக்குக் கொண்டுவந்துவிடுவோம், முன்னால் நடந்தது எதுவும் அதற்குத் தெரியாது. உள்ளே இருந்த வரி இதுதான்:

"மழை வருது, துணிய எடு."

எங்கள் வீட்டு நிரந்தரச் சண்டையே அதுதான். சிரித்துக்கொண்டே அழுதேன். அப்போதே ஜன்னலுக்கு வெளியே மூங்கில் கம்பில் காய்ந்த துணிமேல் பொட்டுப் பொட்டாக விழ ஆரம்பித்தது. சிங்கப்பூரில் மழைக்கு நேரம் காலம் ஏது என்பீர்கள், நானும் அப்படித்தான் நினைத்தேன். துணியை எடுத்துப் போட்டுவிட்டு, அதே வரியை இன்னொரு தடவை படிக்கும் ஆசையில், கணினியைத் துடைத்து அதே புரோகிராம் கோப்பை மறுபடி இயக்கினேன். நம்பினால் நம்புங்கள்.

"நனைஞ்சிடுச்சா?"

"இல்லப்பா, எடுத்துட்டேன்" என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன். கோப்பைச் சரிபார்த்தேன், ஓர் எழுத்துகூட மாறவில்லை. எனக்குத்தான் மூளை குழம்பிவிட்டது போலும் என்று மறுநாள் வெய்மிங்கிடம் அதன் பிரதியைக் கொடுத்தேன். கூட வேலை செய்கிறவன், சீனப் பையன், தமிழில் ஓர் எழுத்து தெரியாது. யார் எழுதியது என்று சொல்லவில்லை. நான் கீழே சாப்பிடப் போயிருந்தபோது அவன் தன் கணினித் திரையைப் போனில் படமெடுத்து அனுப்பியிருந்தான். "இது உங்க மொழிதானே லா, என்ன போட்டிருக்கு?" என்று சிங்கப்பூர் ஆங்கிலத்தில் கேட்டிருந்தான்.

படத்தில் இருந்தது, "அவ எங்க?"

வணக்கம் என்று போட்டிருக்கிறது என்று பொய் சொன்னேன். மேலே ஓடுவதற்குள் அவன் வழக்கம்போலக் கணினியைத் துடைத்துவிட்டிருந்தான். அன்று மாலையிலிருந்து எத்தனையோ தடவை வீட்டில் இயக்கிப் பார்த்துவிட்டேன், வெறும் திரைதான் வருகிறது. இன்னும் தேடிக்கொண்டிருக்கிறாரோ என்னவோ. நான் இங்கேதான் இருக்கிறேன் என்று அவரிடம் யார் சொல்வது?