சால்வை ஓரத்துப் பிறை

சஃபியாவுக்குச் சந்தேகம் பிறவிக் குணம். பால்காரர் ஊற்றிய பாலை முகர்ந்து பார்ப்பாள்; அவர் தெருமுனை தாண்டியதும் இன்னொரு தடவை முகர்வாள். துபாயில் இருக்கும் மகன் ஹமீது வீடியோவில் வந்து "சாப்பிட்டேன் உம்மா" என்றால் தட்டைக் காட்டச் சொல்வாள். அவன் கழுவிய தட்டைக் காட்டினால் அதற்கும் ஒரு கேள்வி வைத்திருப்பாள்.

அப்படிப்பட்டவள் சால்வையைச் சும்மா விடுவாளா?

சால்வை வந்து இரண்டு வருஷம் ஆகிறது. ஒருநாள் பொழுது சாய்ந்ததும் மேற்கு வானத்தில் இளம்பச்சையாக ஓர் ஒளி விரிந்தது, யாரோ உதறிக் காயப்போட்ட மாதிரி மடிப்பும் சுருக்கமுமாக. நட்சத்திரங்களுக்கும் அப்பால் இருக்கிறது, நம்மை ஒன்றும் செய்யாது என்று டிவியில் சொன்னார்கள். விஞ்ஞானிகள் வைத்த பெயர் காரைக்காலில் யார் வாயிலும் நுழையவில்லை. சால்வை என்றே நிலைத்துவிட்டது. பஸ் ஸ்டாண்டில் நிற்கிறவர்கள் இப்போது அதை அண்ணாந்துகூடப் பார்ப்பதில்லை. சஃபியா மட்டும் தினமும் மாடியேறிப் பார்த்தாள். வந்த காரணம் சொல்லாமல் உட்கார்ந்திருக்கும் விருந்தாளி நல்லதுக்கில்லை என்பது அவள் கட்சி.

போதாததற்கு வீட்டுக்குள்ளேயும் ஒரு சந்தேகம். கணவர் காதர் பாட்சா எதையோ மறைக்கிறார். பேப்பரை விரித்து வைத்திருக்கிறார், பக்கம் புரளுவதில்லை. டீயைக் கோப்பைக்கு வெளியே ஊற்றுகிறார். இருட்டினால் வண்டியைத் தொடுவதில்லை. சட்டைப் பையில் ஒரு மருந்துப் புட்டி இருந்தது. கேட்டால் தலைவலிக்கு என்றார். தலைவலி மருந்தை யாராவது சொட்டுச் சொட்டாக விடுவார்களா?

காதர் பாட்சா சாதாரண ஆளில்லை. சரக்குக் கப்பலில் காலம் தள்ளியவர். அவர் பிறை பார்த்தேன் என்றால் தெருவே பெருநாளுக்கு அரிசி களைய ஆரம்பித்துவிடும். ஒவ்வொரு வருஷமும் நோன்பு முடியும் பிறையைப் பார்க்க அவர் மாடியேறுவார். கூடவே சஃபியாவும் ஏறுவாள், அவர் சரியாகப் பார்க்கிறாரா என்று பார்க்க!

இருபத்தொன்பதாம் நோன்பு திறந்த கையோடு ஃபோன் வந்தது. பள்ளிவாசல் செயலாளர் ஜெகபர் அலி. "காதர் நானா, திருவேட்டக்குடியில ஒருத்தர் பார்த்ததா சொல்றார். மத்தவங்களுக்குச் சால்வை வெளிச்சத்துல ஒண்ணும் புலப்படல. நீங்க ஒரு வார்த்தை சொன்னா மைக்குல அறிவிச்சிடலாம்."

இருவரும் மாடிக்குப் போனார்கள். தென்னைகளுக்கு மேலே சால்வை தொங்கிக்கொண்டிருந்தது. அதன் கீழ் ஓரத்தில் ஒரு இழை பிரிந்து, மெல்லிசாக, வளைந்து மின்னியது. நேற்று இது இங்கே இல்லையே! சஃபியா கண்ணை எடுக்காமல் அதையே முறைத்தாள்.

"அல்ஹம்துலில்லாஹ், தெரிஞ்சிடுச்சு" என்றார் காதர் பாட்சா. அவள் வாயைத் திறப்பதற்குள் ஃபோனில் சொல்லியும்விட்டார்.

"எங்க தெரிஞ்சுது?"

"அதோ." அவள் பார்த்த திசைக்கே கையை நீட்டினார்.

"கொம்பு எந்தப் பக்கம்?"

"என்ன கேள்வி இது? மேல்பக்கம்தான்."

அந்திப் பிறைக்குக் கொம்பு மேலே பார்த்துத்தான் இருக்கும்; மின்னிய இழையின் இரண்டு நுனியும் கீழே பார்த்துத் தொங்கின. சஃபியா அவர் பக்கம் திரும்பினாள்.

"என்னங்க, உங்களுக்குக் கண்ணு தெரியுதா இல்லையா?"

அவர் கைப்பிடிச் சுவரைத் தடவிப் பிடித்துக்கொண்டார். "சால்வையாலதான் வானம் மங்கலா இருக்குன்னு நெனச்சேன் சஃபியா. அப்புறம் பேப்பரும் மங்கிடுச்சு. டாக்டர்கிட்ட போனேன். புரைன்னார். அறுக்கணும்னார். எனக்குப் பயம்."

"அப்ப போன வருஷம் பிறை பார்த்தது?"

"நான் எங்க வானத்தப் பார்த்தேன்? பக்கத்துல ஒட்டி நிக்கிற உன் மூஞ்சியத்தான் பார்த்தேன். நீ எதையும் லேசுல நம்ப மாட்டே. உன் கண்ணு ஒரு எடத்துல அசையாம நின்னுச்சுன்னா அங்க பிறை இருக்குன்னு அர்த்தம்."

ஆயுசு பூராவும் சஃபியா இவரை நம்பாமல் பின்னாலேயே வந்தாள். இவரோ அவள் கண்ணை நம்பி ஊருக்கே சாட்சி சொல்லியிருக்கிறார். இன்று அவள் கண் நின்றது சந்தேகத்தில்.

பள்ளிவாசல் மைக் கரகரத்தது.

"ஃபோன் போடுங்க."

"சொன்ன வார்த்தைய எப்படித் திரும்ப வாங்குறது? ஊரு என்னைய என்னன்னு நெனைக்கும்?"

"ஊரே நாளைக்கு நோன்ப விட்டுடும். போடுங்கங்க!"

முதல் தடவை எடுக்கவில்லை. மைக்கில் சலாம் சொல்லத் தொடங்கிவிட்டார்கள். மறுபடி அடித்தார். ஜெகபர் அலி எடுத்தார்.

"அறிவிக்காதீங்க. நான் பிறை பார்க்கல. எனக்குக் கண்ணு தெரியல, தம்பி. ரெண்டு வருஷமா எல்லாப் பிறையும் பார்த்தது எங்க வீட்டு ஆளு. நான் வாயால சொன்னதோட சரி."

ஜெகபர் அலி மைக்கை நிறுத்தச் சொல்வது கேட்டது. பிறகு, "அவங்க இப்ப என்ன சொல்றாங்க நானா?"

காதர் பாட்சா ஃபோனை நீட்டினார். சஃபியா வாங்கிக்கொண்டாள். முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு அந்த இழையை இன்னொரு தரம், தென்னை மறைக்காதபடி மாடியில் இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நகர்ந்து நின்று பார்த்தாள்.

"கொம்பு கீழ தொங்குது. இது பிறை இல்ல, சால்வையோட ஓரம். திருவேட்டக்குடிக்காரரையும் கொம்பு எந்தப் பக்கம்னு கேளுங்க."

கேட்டார்கள். கீழ்ப்பக்கம் என்றாராம். நாளையும் நோன்பு என்று மைக் சொன்னது. புதுச்சட்டையைத் தேய்த்து வைத்திருந்த தெருப் பிள்ளைகள் ஓவென்று சலித்துக்கொண்டார்கள்.

சஃபியா தண்ணீர்த் தொட்டிப் பக்கம் போய் நின்று கையைத் தூக்கினாள். "எத்தன விரலு?"

"கொஞ்சம் கிட்ட வா."

வந்தாள்.

"இன்னும் கிட்ட."

அவர் மூக்கில் இடிக்கிற அளவுக்குக் கை வந்த பிறகுதான், "மூணு" என்றார்.

அவளுக்கு அழுகை பொத்துக்கொண்டு வந்தது. "பெருநாள் முடிஞ்ச மறுநாளே டாக்டர்கிட்ட போறோம். நானும் உள்ள வருவேன்" என்றாள். "அவரு என்ன சொல்றாருன்னு நான் கேக்கணும்."

"அவரையும் நம்ப மாட்டியா?"

"மாட்டேன்" என்று சொல்லி, படியில் இறங்க அவர் கையைப் பிடித்துக்கொண்டாள்.