வழமைக்குத் திரும்பிய கையெழுத்து

“…பகிடியாச் சொன்னதெண்டு நான் எழுதித் தரவேணும், அதுதானே கேக்கிறியள்?” என்றார் அம்மணி, தேயிலைப் பையை நூலில் பிடித்துத் தூக்கி, கரண்டியில் சுற்றி, ஒரு சொட்டு மிச்சமில்லாமல் பிழிந்தபடி. இந்த நாட்டில் தேயிலைக்கும் தூக்குக்கயிறு உண்டு. வந்த புதிதில் நான் அந்தப் பையைக் கிழித்துக் கோப்பைக்குள் கொட்டிக் குடித்தவன். அம்மணி பிழிந்த அழகைப் பார்த்தபோதுதான், ஒரே யாழ்ப்பாணக் குடாநாட்டிலிருந்து வந்தாலும் அவர் முன்வாசலால் வந்தவர், நான் வேலி பாய்ந்து வந்தவன் என்பது நன்றாக விளங்கியது.

நாட்டின் பெயரை எழுதவில்லை, குறை நினைக்காதேயுங்கோ. பழகின பயம் லேசில் விடாது. பனி கொட்டும், ட்ராம் சொன்ன நிமிசத்துக்கு வரும், அவ்வளவு போதும். நான் மானிப்பாய் பஸ்ஸில் கொண்டக்டராக இருந்தவன். பள்ளிக்கூடம் எட்டாம் வகுப்போடு சரி. மிச்சப் படிப்பெல்லாம் சனத்தின் வாயிலிருந்து பொறுக்கியது. அம்மணி உடுப்பிட்டி. சோதனை பாஸ்பண்ணி, வெளிநாட்டுச் சேவைக்குப் போய், நாலு தலைநகரங்களில் கைகுலுக்கி, கடைசியாக இந்த நகரத்துத் தூதரகத்தில் செயலாளராக இருந்தவர். இப்போது இங்கேயே பல்கலைக்கழகத்தில் விரிவுரையாளர். என்ன பாடம் என்று கேட்டால், அகதிகள். அதாவது என்னைத்தான் அவர் படிப்பிக்கிறார், என்னைக் கேட்காமலே. எங்கடை ஆட்கள் கூட்டங்களில் அவரை அறிமுகப்படுத்தும்போது, “எண்பத்துமூண்டிலை கலவரம் நடந்தவுடனை மனச்சாட்சிக்காகப் பதவியைத் தூக்கி எறிஞ்சவ” என்பார்கள். அம்மணி தலையைக் குனிந்துகொள்வார். அடக்கமான மனுசி என்று நானும் கைதட்டியிருக்கிறேன்.

என்னுடைய அகதி விண்ணப்பத்தை நிராகரித்து வந்த கடிதத்தில் இரண்டு காரணம் போட்டிருந்தது. முதலாவது காரணம் என் வாய். விசாரணையில் எனக்கு மொழிபெயர்த்தவர் சென்னையில் தமிழ் படித்த ஒரு வெள்ளைக்காரப் பாதிரியார். “தாங்கள் புறப்பட்ட வாரத்தில் ஊரில் நிலைமை எவ்வாறிருந்தது?” என்று மணிமணியாகக் கேட்டார். “என்னத்தைச் சொல்ல, ஃபாதர், வழமைதான்” என்றேன். அவர் சந்தோசமாகச் சிரித்து, அதிகாரிக்கு ஒரேயொரு சொல் சொன்னார். ‘நோர்மல்.’ அதிகாரி அதைப் பெரிய எழுத்தில் எழுதினார். ஆமி பஸ்ஸிலிருந்து இறக்கிக்கொண்டு போய் என்னைப் பதினொரு நாள் வைத்திருந்த கதை அந்த ஒரு சொல்லுக்குக் கீழே நசுங்கிப்போயிற்று.

அந்தச் சொல்லின் சரித்திரத்தை நான் பாதிரியாருக்கு எப்படி விளங்கப்படுத்துவது? எண்பத்தைந்தில் ஒருநாள், பஸ் மானிப்பாய் ஆஸ்பத்திரியடியில் நிற்கிறது. பட்டணப் பக்கம் ஷெல் விழுகிறது என்று ட்ரைவர் இயந்திரத்தை நிறுத்திவிட்டார். பக்கத்துத் தேத்தண்ணிக் கடை ரேடியோவில் செய்தி: யாழ்ப்பாணத்தில் நிலைமை வழமைக்குத் திரும்பியுள்ளது. பெரியகடைச் சந்தைக்கு வாழைக்குலை கொண்டுபோகும் நீர்வேலி மனுசி ஒருத்தி யன்னலால் எட்டிப் பார்த்து, “கொண்டக்டர் அண்ணை, நிலைமை திரும்பிட்டுதாம். உந்த பஸ் எப்ப திரும்பும்?” என்றாள். பஸ் முழுக்கச் சிரிப்பு. அன்றிலிருந்து எங்கள் பாதையில் ஷெல்லுக்குப் பெயர் வழமை. “காலமை ரெண்டு வழமை விழுந்தது.” “இண்டைக்கு வழமை பிந்துது, அவங்களுக்குச் சுகமில்லையோ?” இப்படித்தான் கதை.

இரண்டாவது காரணம் ஒரு தாள். அதே காலத்தில் இந்த நகரத்துத் தூதரகம் பத்திரிகைகளுக்குக் கொடுத்த அறிக்கை: யாழ்ப்பாணம் வழமைக்குத் திரும்பிவிட்டது, ஒருவரும் பயப்படத் தேவையில்லை. கீழே நீளமான பெயர், வளைவு வளைவான கையெழுத்து. அதே பெயரின் தலையையும் வாலையும் வெட்டி, வெள்ளைக்காரரின் நாக்குக்கு அளவாகத் தைத்துப் பல்கலைக்கழகத்தில் அம்மணியின் அறைக் கதவில் மாட்டியிருந்தார்கள். என் வழக்கறிஞர் இந்த ஊர்ப் பெட்டை, இரண்டும் ஒரே ஆள் என்று அவதான் கண்டுபிடித்தா. “உங்கள் ஊரில் நோர்மல் என்றால் குண்டா?” என்று கேட்டா. ஓம் என்று தலையை ஆட்டினேன். எங்கடை தலையாட்டலைப் பார்த்து ‘இல்லை’ என்று எழுதிவிட்டா. அதை வெட்டுவித்து எழுதுவிக்கவே அரை மணித்தியாலம். பிறகு சொன்னா: சொல்லின் பொருளையும் அறிக்கையின் பொய்யையும் அந்த அம்மையாரே எழுதித் தரவேண்டும். அதே ஆள்தான் என்று தெரிய, அதே பழைய கையெழுத்தும் வேண்டும். இல்லையென்றால் அடுத்த மாதம் எனக்கு விமானம்.

அப்படித்தான் அந்த அறிக்கையையும் எடுத்துக்கொண்டு அம்மணிக்கு முன்னால் போய் இருந்தேன். என் கதை முழுவதையும் கேட்டுவிட்டு, தேயிலைப் பையைச் சாசரில் வைத்து, “பார்ப்பம்” என்றார்.

“மிஸ், பார்ப்பம் எண்டால் எங்கடை ஊரிலை இல்லை எண்டு அர்த்தம். இவங்கள் அதை ஓம் எண்டு நம்புவாங்கள். நீங்கள் எந்த ஊர்ப் பார்ப்பம் சொல்லுறியள்?”

அவர் சிரிக்கவில்லை. அறிக்கையின் திகதியில் விரலை வைத்தார். எண்பத்தைந்து. அப்போதுதான் எனக்கும் உறைத்தது. எண்பத்துமூன்றில் எறிந்த பதவி, இரண்டு வருசமாகியும் கீழே விழவில்லை.

“திகதியைப் பாப்பினமோ?”

“முதல் அதைத்தான் பாப்பினம், மிஸ்.”

“அந்த வசனம் கொழும்பிலையிருந்து வந்தது. பிள்ளையள் இஞ்சை படிச்சுக்கொண்டிருந்ததுகள். நான் போட்டது கையெழுத்து மட்டும்தான்.”

“எனக்கும் கையெழுத்து மட்டும்தான் வேணும்.”

அம்மணி சாசரை ஒரு பக்கம் தள்ளி வைத்தார். பிறகு, “உந்த நீர்வேலி மனுசி இப்ப எங்கை?” என்று கேட்டார்.

“ஒரு நாள் பெரியகடையிலை, அவவின்ரை வாழைக்குலையளுக்கு மேலை ஒரு வழமை விழுந்தது.”

“மனுசி?”

“குலையளுக்குப் பக்கத்திலைதான் இருந்தவ.”

அம்மணி தட்டச்சு இயந்திரத்தை இழுத்தார். அடித்து முடித்துத் தமிழில் எனக்கு வாசித்துக் காட்டினார். “வழமை என்ற சொல் யாழ்ப்பாணத்தில் ஷெல்லைக் குறிக்கும். சனங்கள் அப்படிச் சொல்லக் காரணமான அறிக்கைகளில் ஒன்றில் நான் கையொப்பமிட்டேன். அது உண்மையல்ல என்பது அன்றே எனக்குத் தெரியும்.” இத்தனை வருசம் தூதரகத்திலும் பல்கலைக்கழகத்திலும் எழுதியவருக்கு இவ்வளவு கட்டையாகவும் எழுதத் தெரியும் என்பது எனக்குப் புதினமாக இருந்தது.

பேனையை எடுத்து வேறொரு தாளில் பழைய கையெழுத்தைப் போட்டுப் பார்த்தார். வெட்டித் தைத்த புதுப் பெயர்தான் வந்தது. நாலாம் தரமும் அதுவே வந்தது.

“கை மறந்துபோச்சுது, அண்ணை” என்றார். அதுவரை அவர் என்னை அண்ணை என்றதில்லை.

எழும்பி யன்னலடிக்குப் போனார். வெளியே பனியில் பட்ட வெளிச்சம் கண்ணாடி முழுக்க வெள்ளையாக நின்றது. பழைய அறிக்கையைக் கண்ணாடியில் வைத்து, அதன்மேல் புதுக் கடிதத்தைப் பொருத்தி, இடக்கையால் அழுத்திப் பிடித்து, அடித்தாளில் தெரிந்த வளைவுகளின் மேலே, கோடு தவறாமல், தன்னுடைய பெயரைத் தானே கள்ளக் கையெழுத்துப் போடுகிறவர்போல மெல்ல மெல்ல எழுதத் தொடங்கினார்.