குண்டு போட்டவனின் பாட்டு

பிலோமினா அக்கா இறந்த செய்தி நிலாவெளி பஸ்ஸில் வைத்துத்தான் எனக்குக் கிடைத்தது. முன்னிருக்கைப் பெண் யாரிடமோ, "ஜப்பான் பிலோமினா செத்துப்போச்சாம்" என்றாள். செத்த பிறகும் அந்தப் பட்டப்பெயரை ஊர் விடவில்லை. அது எப்படி வந்ததென்று அவரை அறிந்தவர்களுக்குத் தெரியும். மறந்ததுபோல் இருப்பவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

துறைமுகத்துக்கு அருகே ஒரு கப்பல் முகவர் அலுவலகத்தில் நாங்கள் இருவரும் தட்டெழுத்தாளர்களாக இருந்தோம். அறுபதுகளில் ஒருமுறை, சரக்கு ஏற்ற வந்த ஜப்பானியக் கப்பலின் கப்டன் எங்கள் அலுவலகத்தாரை விருந்துக்கு அழைத்தார். மேல்தளத்தில் வெள்ளைத் துணி கட்டித் தங்கள் நாட்டுப் படம் ஒன்றைக் காட்டினார்கள். போரில் கணவனை இழந்த ஒருத்தி மீன் விற்றுப் பிள்ளைகளை வளர்க்கும் கதை. மொழி விளங்காமலே அழுதோம். அவள் பாடிய பாட்டை அக்கா விடவில்லை. கப்பல் நின்ற நாட்களில் அதன் வானொலி அதிகாரியிடம் கேட்டுக் கேட்டு, சொற்களையும் பொருளையும் படித்துக்கொண்டார்.

மாதா கோயில் பாடகர் குழுவில் அக்காவின் குரலுக்குத் தனி மதிப்பு. அந்த ஆண்டு நடந்த கலைவிழாவில், தமிழ்ப் பாட்டுகளுக்குப் பிறகு, அவர் அந்த ஜப்பானியப் பாட்டைத் தொடங்கினார். முன்வரிசையில் இருந்த ஒரு கடை முதலாளி எழுந்தார்.

"குண்டு போட்டவன்ர பாட்டை இந்த மண்ணில பாட வெட்கமில்லையோ? இறக்குங்கோ அவவை!"

மண்டபம் கைதட்டியது. திரையை இழுத்து மூடினார்கள்.

மேடைக்குப் பின்னால் அக்கா அழவில்லை. "அந்தக் குண்டில செத்தது என்ர அப்பா. அந்த மனிசன்ர வீட்டில ஆர் செத்தது? கேட்டுச் சொல்லு" என்றார். உண்மைதான். இரண்டாம் உலக யுத்தத்தில் ஜப்பான் விமானங்கள் எங்கள் துறைமுகத்தில் குண்டு போட்டபோது, அங்கே வேலைசெய்த தகப்பனை இழந்தவர் அவர். முதலாளி வீட்டில் ஒருவருக்கும் கீறல்கூட விழவில்லை. "படத்தில அழுத மனிசியும் என்ர அம்மாவைப் போலதானே, பிள்ளை. அவவோ குண்டு போட்டவ?"

பிறகு பாடகர் குழுவில் அவருக்கு இடமில்லாமற் போனது. பேசிவந்த கலியாணமும் குழம்பியது. கப்பல்காரரோடு திரிந்தவள் என்று கதை கட்டியிருந்தார்கள். தனியாகவே வாழ்ந்தார்.

எழுபதுகளின் முடிவில் ஊர் மாறியது. ஜப்பான் ரேடியோவும் கசெற் ரெக்கோடரும் வீட்டுக்குக் கௌரவமாயின. ஜப்பான் சண்டைப் படம் பார்த்த பெடியள் வீதியில் தடியோடு வாள்வீச்சுப் பழகினார்கள். அதே முதலாளி ஜப்பான் சாமான் விற்று மாடி கட்டினார். அங்கிருந்து வந்த வியாபார விருந்தினர்களை மகிழ்விக்க வேண்டி அக்காவின் வீட்டுக்கே வந்தார். நானும் அங்கே இருந்தேன்.

"தங்கச்சி, அந்தப் பாட்டை ஒருக்காப் பாடவேணும்."

அக்கா கதிரை போட்டார், தேத்தண்ணி கொடுத்தார். குடித்து முடியும்வரை பொறுத்திருந்து சொன்னார்: "குரல் இருக்கு, ஐயா. உங்களுக்குப் பாடத்தான் ஏலாது."

அக்காவின் அடக்கத்தின்போது முதலில் பேசியவரும் அந்த முதலாளிதான். "எங்கள் ஊரின் குயில்" என்றார். அன்று கைதட்டியவர்களில் சிலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.

அக்காவிடம் அந்தப் பாட்டை நான் படிக்கவில்லை. அவருடைய கோபத்தை வைத்திருக்கிறேன். அவர் உயிரோடிருந்தபோது ஒருவரும் அவரிடம் மன்னிப்புக் கேட்கவில்லை. இப்போது அவர் சார்பில் மன்னிக்க எனக்கு உரிமை இல்லை.