மதிய இடைவேளை வரை

கணினியில் ஏதாவது கேட்டுக்கொண்டிருக்கும்போது ஒலி நடுவில் நின்றுவிட்டால், என் கை இன்றைக்கும் விசைப்பலகையிலிருந்து தானாக விலகிவிடுகிறது. தொட்டால் இணைப்பு ஒரேயடியாக அறுந்துபோகும் என்ற பயம். மூன்று வருடத்துக்கு முன் ஒரு வியாழக்கிழமை பிடித்த பயம் அது.

அப்போது ஜெர்மனியில், கெல்சென்கிர்ச்சனில் தனியாக இருந்தேன். இப்போதும் அப்படித்தான். மகனுக்கு நான்கு வயதாக இருக்கும்போது யாழ்ப்பாணத்தை விட்டு வந்தவன் நான். அகதி வழக்கு இழுபட்டு இழுபட்டு, ஒருவழியாக விசா உறுதியாகி, மனைவியையும் அவனையும் கூப்பிடலாம் என்ற நிலை வந்தபோது அவனுக்குப் பதினைந்து வயது. பதினாறு தாண்டினால் பிள்ளையைக் கூப்பிடுவது மிகவும் கஷ்டம் என்று சொல்லியிருந்தார்கள். குடும்பத்துக்குப் போதுமான இடம் இருப்பதாகக் காட்ட வேண்டும் என்பதால் இரண்டு அறை வீடு ஒன்று எடுத்தேன். சின்ன அறையில் அவனுக்கென்று ஒரு கட்டிலும் மேசையும் வாங்கிப் போட்டேன். மெத்தையின் பிளாஸ்டிக் உறையை மட்டும் கழற்றவில்லை. அவனே வந்து கழற்றட்டும் என்று விட்டிருந்தேன்.

கொழும்பில் ஜெர்மன் தூதரகத்துக்குப் போக டெர்மின், அதாவது நேர ஒதுக்கீடு, கிடைத்தது ஒரு வெள்ளிக்கிழமை காலைக்கு. தாயும் மகனும் சேர்ந்தே போக வேண்டும். அந்த வாரம்தான் அவனுடைய கல்லூரியின் பெரிய கிரிக்கெட் போட்டி. எங்கள் ஊரில் பெரிய பள்ளிக்கூடங்களைக் கல்லூரி என்றுதான் சொல்வோம். வருடத்துக்கு ஒருமுறை, பக்கத்துக் கல்லூரியோடு, வியாழன் தொடங்கி மூன்று நாள். அவன் முதல் தடவையாக அணிக்குத் தெரிவாகியிருந்தான், அதுவும் ஆரம்பத் துடுப்பாட்டக்காரனாக. நானும் அதே கல்லூரியில் படித்தவன்தான். எனக்கு அந்த அணியில் தண்ணீர் கொண்டு ஓடும் இடம்கூடக் கிடைக்கவில்லை. ஆனாலும் தொலைபேசியில் சொல்லிவிட்டேன்: இந்த முறை விளையாட ஏலாது, புதன்கிழமையே வெளிக்கிட வேண்டும்.

"ஓம் அப்பா" என்றான்.

எங்கள் பேச்சு எப்போதும் அப்படித்தான் இருக்கும். சாப்பிட்டியோ? ஓம் அப்பா. படிக்கிறியோ? ஓம் அப்பா. அம்மாட்டைக் குடுக்கிறியோ? ஓம் அப்பா. பதினொரு வருடமாக ஒரு "ஓம்" தவிர அவன் குரல் எனக்குத் தெரியாது. அது உடைந்து தடித்ததைக்கூட அந்த ஒரு சொல்லில்தான் கேட்டேன்.

முன்பெல்லாம் போட்டி முடிந்து இரண்டு நாளுக்குப் பிறகு இங்குள்ள தமிழ் வானொலியில் முடிவை ஒரு வரியில் வாசிப்பார்கள். பிறகு பழைய மாணவர்கள் ஒரு வழி கண்டுபிடித்தார்கள். மைதானத்தில் ஒருவர் தொலைபேசியைப் பிடித்துக்கொண்டு வர்ணனை சொல்வார். கனடாவில் இருக்கும் ஒருவர் அந்த அழைப்பை அப்படியே இணையத்தில் விடுவார். கிணற்றுக்குள்ளிருந்து வருவது போல இருக்கும். என்றாலும் அது எங்கள் மைதானத்தின் சத்தம்.

அந்த வியாழக்கிழமை விடியப்புறம் எழும்பி, மகனுடைய மேசையில் மடிக்கணினியை வைத்து, அவன் கட்டிலில் உட்கார்ந்தேன். அசையும் நேரமெல்லாம் உறை சரசரத்தது. மகனும் மனைவியும் இந்நேரம் கொழும்பில் இருப்பார்கள். அவனுடைய இடத்தில் யார் விளையாடுகிறான் என்று அறியத்தான் கேட்கத் தொடங்கினேன்.

எங்கள் கல்லூரி முதலில் துடுப்பெடுத்தாடுவதாகச் சொன்னார்கள். பிறகு இரண்டு பெயர்கள். இரண்டாவது என் மகனுடையது.

தொலைபேசி அட்டையைச் சுரண்டி, இலக்கங்களைத் திரும்பத் திரும்ப அழுத்தி, கடைசியில் மனைவியின் தம்பியுடைய கைத்தொலைபேசிக்கு இணைப்புக் கிடைத்தது. கொழும்புக்கு வான் வண்டியை ஓட்டிக்கொண்டு போக இருந்தவர் அவர்தான். மனைவியே எடுத்தாள். பின்னால் பாண்ட் வாத்தியச் சத்தம்.

"எங்க நிக்கிறாய்?"

"மைதானத்து வாசலில. இஞ்சேருங்கோ, கத்தாதேங்கோ. வான் பக்கத்திலதான் நிக்குது. சாமான் எல்லாம் ஏத்தியாச்சு."

"அவனைக் கூட்டிக்கொண்டு வெளிக்கிடு."

"நடு மைதானத்தில நிக்கிறவனை நான் போய்க் கையில பிடிச்சு இழுக்கிறதோ? அவுட் ஆன உடன வாறன் எண்டு என்ர தலையில அடிச்சுச் சத்தியம் பண்ணினவன். ரெண்டு நாளாச் சாப்பிடேல்லை, தெரியுமோ? நான் என்ன செய்யிறது?"

"எப்ப அவுட் ஆகிறது?"

"அதை என்னட்டைக் கேக்கிறியள். கிரிக்கெட் பாத்துத் திரிஞ்ச ஆள் நீங்கள்தானே."

கணக்கு இதுதான். போரால் மூடிக்கிடந்த கொழும்புப் பாதை திறந்திருந்த காலம் என்றாலும் சோதனைச் சாவடிகள் மாலையில் மூடிவிடும். மதிய இடைவேளைக்கு முன் வான் புறப்பட்டால், அவற்றைக் கடந்து விடியக் கொழும்பு போய்ச் சேரலாம். அதற்குப் பிறகு புறப்பட்டுப் பிரயோசனம் இல்லை. அவன் அவுட் ஆகவேண்டும். கெதியாக ஆகவேண்டும்.

தொலைபேசி அடித்தது. பீலெஃபெல்டில் இருக்கும் நண்பர். என்னிலும் பத்து வயது இளையவர், எதிர்க் கல்லூரியில் படித்தவர். வருடா வருடம் அன்றைக்கு என்னை நக்கலடிப்பதற்கென்றே எடுப்பார்.

"அண்ணை, உங்கட பெடியன் இறங்கியிருக்கிறான் போல. பாவம். எங்கட வேகப்பந்துக்காரன் இண்டைக்கு விக்கெட்டை முறிக்கப் போறான்."

"முறிக்கச் சொல்லு."

"என்ன?"

"கெதியா முறிக்கச் சொல்லு எண்டுறன்."

அவர் சிரித்துவிட்டு வைத்தார். எனக்கு விளக்க நேரமில்லை.

வர்ணனையாளர் வானொலித் தமிழில் பேசினார். "மீண்டும் தடுத்து ஆடியிருக்கிறார், ஓட்டம் எதுவும் இல்லை, நேயர்களே." அடுத்த ஓவரும் அப்படியே. மற்றப் பக்கத்தில் இரண்டு பேர் அடித்துவிட்டு ஆட்டமிழந்து போனார்கள். இவன் நின்றான். ஒவ்வொரு பந்துக்கும் நான் மெத்தை விளிம்பைப் பிடித்தேன். ஒரு காலத்தில் எங்கள் ஆட்கள் ஆட்டமிழந்தால் சாப்பிடாமல் படுத்தவன் நான். இப்போது சொந்த மகனுடைய விக்கெட்டுக்காகக் கும்பிட்டுக்கொண்டிருந்தேன். ஒரு பிடி நழுவியது என்று வர்ணனையாளர் சொன்னபோது தாங்க முடியாமல் பீலெஃபெல்டுக்கு எடுத்தேன்.

"உங்கட கல்லூரியில பந்து பிடிக்கத் தெரிஞ்ச ஒருத்தனும் இல்லையோ? சின்னப் பெடியன் ஒருத்தனை அவுட் ஆக்க ஏலாமக் கிடக்கு."

"அண்ணை, நீங்கள் எந்தப் பக்கம்?"

அப்போதுதான் விஷயத்தைச் சொன்னேன். அவர் தன் பக்கத்து வர்ணனையின் ஒலியைக் குறைத்தார். பிறகு, "எங்கட ஆக்கள் வெல்லோணும் எண்டு நீங்கள் நினைச்ச ஒரே நாள் இதுதான்" என்றார். அதில் நக்கல் இல்லை.

யன்னலுக்கு வெளியே விடிந்துகொண்டிருந்தது. கீழே முதல் டிராம்கள் போயின. அங்கே வெயில் ஏறியிருக்கும்.

கூட்டம் கூச்சலிடத் தொடங்கியது. "இடுப்பளவு உயரத்தில் வந்த ஃபுல் டொஸ், நேயர்களே, அதையும் தடுத்திருக்கிறார். ஏன் என்று விளங்கவில்லை." அடுத்த பந்துக்கு மற்ற முனையிலிருந்தவன் சுகமான ஒரு ஓட்டத்துக்குக் கூப்பிட்டானாம். இவன் கையை உயர்த்தித் திருப்பி அனுப்பிவிட்டானாம். மரத்தடியில் நின்ற தன் கல்லூரிப் பெடியன்களே அவனுக்குக் கூக்காட்டுகிறார்கள் என்று வர்ணனையாளர் கவலையோடு சொன்னார்.

வர்ணனையாளருக்கு விளங்காதது எனக்கு விளங்கியது. அவன் ஓட்டம் எடுப்பதற்காக நிற்கவில்லை. மத்தியானம் வரை நிற்கிறான். வாசலில் ஒரு வான் நிற்கிறது. அதில் ஏறாமல் இருப்பதற்கு அவன் கையில் இருந்தது ஒரு மட்டை மட்டும்தான். தாய்க்குச் செய்த சத்தியத்தையும் மீறாமல், எனக்குச் சொன்ன "ஓம்"-ஐயும் வாயால் திருப்பி எடுக்காமல், முகம் மறந்த ஒரு மனிதனிடம் வரமாட்டேன் என்று ஒவ்வொரு பந்தாகச் சொல்லிக்கொண்டிருந்தான்.

அந்த நேரத்தில் ஒலி நின்றது.

கையை எடுத்துவிட்டேன். திரையில் சின்ன வட்டம் ஒன்று சுற்றிக்கொண்டே இருந்தது. வீட்டில் சுடுநீர்க் குழாயின் சத்தம் தவிர வேறொன்றும் இல்லை. இதற்குள் அவுட் ஆகியிருப்பானோ என்று நினைத்தேன். ஆகியிருந்தால் வானில் ஏற்றியிருப்பார்கள். சில மாதங்களில் இந்தக் கட்டிலில் வந்து உட்காருவான். நான் கேட்பதற்கெல்லாம் ஓம் அப்பா என்பான். அந்த வட்டம் சுற்றிய நேரம் முழுவதும், அவன் அவுட் ஆகவேண்டும் என்று நினைத்தேனா, ஆகக்கூடாது என்று நினைத்தேனா என்பதை இன்றைக்கும் என்னால் சொல்ல முடியவில்லை.

ஒலி திரும்பியபோது கைதட்டல் கேட்டது. வீரர்கள் மதிய உணவுக்காக வெளியேறுகிறார்கள். என் மகன் ஆட்டமிழக்கவில்லை.

இடைவேளைக்குப் பின் அவன் சந்தித்த முதல் பந்தையே இறங்கி அடித்தான், நான்கு ஓட்டம். அடுத்ததும் நான்கு. மூன்றாவதை வானத்துக்கு அடித்துப் பிடிகொடுத்தான். "இவ்வளவு பொறுமையாக ஆடியவர் இப்படி அவசரப்பட்டுவிட்டாரே" என்றார் வர்ணனையாளர். நான் கணினியை மூடிவிட்டு உணவகத்துக்கு வேலைக்குப் போனேன்.

வேலை இடைவேளையில் தெருமுனைத் தொலைபேசியிலிருந்து எடுத்தேன். அங்கே பொழுதுபட்டிருந்தது. மனைவி எடுத்த உடனே அவனிடம் கொடுத்தாள்.

"சாப்பிட்டியோ?"

"ஓம் அப்பா."

"நான் கேட்டுக்கொண்டிருந்தனான். காலமையிலயிருந்து. எல்லாப் பந்தும்."

தொலைபேசியை மற்றக் காதுக்கு மாற்றினேன்.

"அந்த ஃபுல் டொஸை அடிச்சிருக்கலாம்" என்றேன்.

"அடிச்சிருக்கலாம்தான் அப்பா, ஆனா பிடிகுடுத்திடுவன் எண்டு பயமாயிருந்தது" என்றான். அவன் என்னிடம் பேசிய முதல் முழு வசனம் அது. அட்டையில் காசு முடியும்வரை அந்தப் பந்தைப் பற்றியே கதைத்தோம். வேறு எதையும் நான் கேட்கவில்லை.

மற்றொரு டெர்மின் கிடைப்பதற்குள் அவனுக்குப் பதினாறு ஆகிவிட்டது. அவனை விட்டுவிட்டு வர மனைவிக்கு மனமில்லை. அடுத்த வருடம் சண்டை மறுபடி மூண்டு பாதையை மூடினார்கள். இப்போது அவனுக்குப் பதினெட்டு. அவன் வயதுப் பெடியன்கள் பொழுதுபட்டால் வெளியே போவதில்லை என்று மனைவி சொல்கிறாள். ஏன் என்று தொலைபேசியில் கேட்க முடியாது. போட்டி வர்ணனை இணையத்தில் வருவதில்லை. நான் செய்திகளைத்தான் கேட்கிறேன். செத்தவர்களின், காணாமல் போனவர்களின் பெயர்களை வாசிக்கும்போது மெத்தை விளிம்பைப் பிடித்துக்கொள்கிறேன்.

போன கிழமை இணைப்புக் கிடைத்தபோது அவனே பேச்சைத் தொடங்கினான்.

"அப்பா, அங்க எனக்கெண்டு ஒரு அறை வச்சிருக்கிறியள் எண்டு முந்தி அம்மா சொன்னவ. இப்பவும் இருக்கோ?"

அந்தக் கட்டிலில்தான் உட்கார்ந்திருந்தேன். உறை இன்னும் கழற்றப்படவில்லை.

"ஓம்" என்றேன்.