அவர் வாயால் ஒரு சம்மதம்

பரஸ்பர விவாகரத்து மனு கொடுத்து ஆறு மாதம் முடிந்ததும், நானும் கணவரும் கொல்லிமலையிலிருந்து காலை ஆறே முக்கால் பஸ்ஸில் இறங்கி நீதிமன்றம் போனோம். சம்மதம் என்று நான் முதலில் சொன்னேன். அடுத்து நீதிபதி அவரைக் கேட்டார்.

“ஊட்டுல சொல்றதுதானுங்க.”

“வீட்டுல யாரு?”

அவர் என்னைக் காட்டினார். எங்கள் பக்கத்தில் மனைவியை ‘ஊட்டுல’ என்றுதான் குறிப்பிடுவார்கள். பின்னால் யாரோ சிரித்தார்கள்.

“அவங்க சொல்லியாச்சு. நீங்க உங்க வாயால சொன்னாத்தான் விவாகரத்து” என்றார் நீதிபதி.

பத்தொன்பது வருடத்தில் மிளகு எப்போது பறிப்பது, எந்தச் சட்டை போடுவது, எல்லாம் என்னைக் கேட்டுத்தான். இப்போதும் என்னைப் பார்த்தார். பழக்கத்தில் தலையாட்டினேன்.

“சம்மதமுங்க” என்றார்.