நொறுக்குப் பிஸ்கட் கேக்

வெண்ணெய் பிஸ்கட்டின் கதை ஹெர்மினேக்கு அத்துப்படி. ஹனோவர் ஆலையில் அது புதிதாக வந்த காலத்திலேயே பொட்டலம் கட்டும் மேசைக்கு வந்தவள் அவள். சுற்றிலும் சின்னச் சின்னப் பல், நாலு முனையிலும் கொஞ்சம் பெரிய பல். ஊரே அந்த முனைகளைத்தான் முதலில் கடிக்கும். யுத்தத்தில் வெண்ணெய் காணாமல் போனது. சிப்பாய்களுக்குக் கல்லு மாதிரி ரொட்டியை அடைத்து அனுப்பினாள். யுத்தம் முடிந்து வெண்ணெய் திரும்பியது, சிப்பாயாகப் போன புருஷன் லுட்விக்கும் திரும்பினான். அவனுக்கும் அதே ஆலையில், பிஸ்கட் சுடும் அடுப்படியில் வேலை கிடைத்தது. அத்தோடு நிம்மதி என்றுதான் நினைத்தாள்.

மாடி வீட்டுக்கு அல்வினே குடிவந்தாள், நிம்மதி போயிற்று. புருஷனை யுத்தத்தில் இழந்தவள், ஹெர்மினேயைவிடச் சின்னவள், ஆலையில் அதே மேசை. அவள் சிரித்தால் அடுப்படி ஆட்கள்கூட எட்டிப் பார்ப்பார்கள். தன் வீட்டுக் கரி வாளியைத் தூக்க முனகுகிற லுட்விக், அவள் வாளியை மட்டும் விசிலடித்துக்கொண்டு மாடிக்கு ஏற்றினான். ஹெர்மினேக்கு வயிறு எரிந்தது. கேட்டால் சண்டை வரும், கேட்காவிட்டால் தூக்கம் வராது. என்ன பிழைப்பு இது!

அல்வினேயின் பிறந்தநாள் ஞாயிற்றுக்கிழமை வந்தது. காப்பிக்கு அழைத்திருந்தாள். அடுப்படி மேற்பார்வையாளர் மென்ஷிங்கும் அதே தெருக்காரர்தான், வந்திருந்தார். நடுவில் ஒரு கேக். பிஸ்கட்டை வரிசை வரிசையாக அடுக்கி, இடையிடையே தேங்காய்க் கொழுப்பும் கொக்கோவும் ஊற்றிக் குளிரவைப்பது. அதை எல்லோரும் 'குளிர்ந்த நாய்' என்பார்கள்.

அல்வினே வெட்டி வைத்த துண்டைப் பார்த்ததும் ஹெர்மினே அசந்துபோனாள். கோடு போட்டாற்போல் நேரான வரிசைகள்! தொழிலாளிகளுக்கு வெள்ளிக்கிழமை மலிவாகக் கிடைப்பது உடைந்த பிஸ்கட் அடைத்த நொறுக்குப் பை மட்டுமே. முழு பிஸ்கட் ஒன்றை வெளியே கொண்டுபோனாலும் அன்றைக்கே சீட்டுக் கிழிந்துவிடும். அந்த நொறுக்கில் அவள் செய்த கேக்கெல்லாம் இடிந்த சுவர் மாதிரித்தான் வந்திருக்கிறது. அப்படியானால் இவளுக்கு முழு பிஸ்கட் கொண்டுவந்து கொடுத்தது யார்? எதிரே லுட்விக் தட்டைப் பார்த்துப் பல்லிளித்துக்கொண்டிருந்தான்.

"எப்படிக்கா இருக்கு?" என்றாள் அல்வினே.

"எனக்குத்தான் நொறுக்கு. உனக்கு முழுசு முழுசா வீடு தேடி வருது போல!"

"என்னடி உளர்ற?" என்றான் லுட்விக்.

"நான் உளர்றேனா? அடுப்புல இருந்து சட்டைக்குள்ள போட்டுக் கொண்டாந்து இவளுக்குக் கொட்டுறது யாரு?"

சொன்ன பிறகுதான் மென்ஷிங் இருப்பது அவளுக்கு உறைத்தது. ஐயோ, புருஷன் வேலையை என் வாயாலேயே தொலைத்துவிட்டேனே என்று நாக்கைக் கடித்துக்கொண்டாள். மென்ஷிங் காப்பிக் கோப்பையைக் கீழே வைத்தார்.

"இது நெசமா, லுட்விக்?"

லுட்விக் முகம் வெளிறியது. பாய்ந்து கத்தியை எடுத்து, கேக்கின் மேல் வரிசையைப் பெயர்த்துத் தூக்கினான். அடியில் ஒன்றுகூட முழு பிஸ்கட் இல்லை. பாதியும் காலும் துணுக்குமாக, ஒன்றின் உடைந்த விளிம்பு இன்னொன்றோடு ஒட்டி உட்கார்ந்திருந்தது.

"பாருங்க ஐயா, எல்லாம் நொறுக்கு! இந்த வீட்டுப் பையிலேர்ந்து வந்தது. முழுசு ஒண்ணு இருந்தா என் சீட்டைக் கிழிச்சுருங்க!"

மென்ஷிங் கண்ணாடியைப் போட்டுக் குனிந்து பார்த்தார். "அடேயப்பா! அல்வினே, எத்தனை பொறுமைம்மா உனக்கு!"

"இவளுக்கு ஏதுங்க பொறுமை?" லுட்விக் நெற்றி வேர்வையைத் துடைத்தான். வேலை தப்பிய சந்தோஷத்தில் அவன் வாய் நிற்கவில்லை. "நான்தான் பொறுக்கிச் சேர்த்தேன். போன ஞாயித்துக்கிழமை பூரா இந்த மேசையிலதான் உக்காந்திருந்தேன்!"

"அப்படிச் சொல்லு!" மென்ஷிங் விழுந்து விழுந்து சிரித்தார். "ஏம்மா ஹெர்மினே, உன் புருஷன் கை சுத்தம். வீணா சந்தேகப்பட்டியே!"

ஹெர்மினே சிரிக்கவில்லை. போன ஞாயிற்றுக்கிழமை புறாப் பந்தயம் என்று போனவனுக்கு விடிகாலையிலேயே எழுந்து ரொட்டி கட்டிக் கொடுத்தவள் அவள். அல்வினே குனிந்த தலை நிமிராமல் மேசைவிரிப்பை நீவிக்கொண்டிருந்தாள்.

"அப்போ போன ஞாயித்துக்கிழமை" என்று ஹெர்மினே மெதுவாகக் கேட்டாள், "புறாவைப் பறக்கவிட்டது யாருங்க?"