ஆளில்லாத பேஸுக்கு எறிந்தவன்

மன்னார்க் கரையோர ஊரான வங்காலையில் பந்து என்றால் உதைபந்துதான். மீனவர் அமிர்தநாயகத்தின் மகன் கொலின்ஸ் கொழும்பில் சம்பளத்துக்கு விளையாடுகிறான் என்று கேள்விப்பட்டவர்கள், "கோல் காக்கிறானோ, அடிக்கிறானோ?" என்றுதான் கேட்பார்கள். பேஸ்போல் என்றால், "அது அமெரிக்கன்காரன்ர விளையாட்டெல்லோ!" என்று வாயைப் பிளப்பார்கள்.

அவனைக் கொழும்புக்குக் கொண்டுபோனது எல்லே என்ற நாட்டுப்புற மட்டைப்பந்து விளையாட்டு. அந்த விளையாட்டில் ஓடுகிறவன் மீது பந்தை எறிந்து, உடம்பில் பட்டால் அவன் அவுட். கொலின்ஸ் எறிந்தால் படும். ஓடுகிற கால் இப்போது இருக்கும் இடத்துக்கு எறியமாட்டான். அடுத்து வந்து விழப்போகும் இடத்துக்கு எறிவான். மன்னாரில் நடந்த போட்டியொன்றில் அதைக் கண்ட ஒரு தனியார் நிறுவனத்தின் பேஸ்போல் பயிற்றுநர், மூன்று மாதத் தவணையில் அவனை அணியில் சேர்த்துக்கொண்டார்.

"மூண்டு மாசம் பாப்பம். சரிவராட்டி வந்து என்ர வள்ளத்தில ஏறு," என்றார் அமிர்தநாயகம்.

"சரிவரும் அப்பா," என்றான் கொலின்ஸ்.

முதல் வாரமே பிசகியது. பயிற்சி ஆட்டத்தில் பந்தைப் பொறுக்கிய கொலின்ஸ், ஓடிக்கொண்டிருந்தவனின் முதுகுக்கே எல்லே பழக்கதோசத்தில் எறிந்தான். குறி தப்பவில்லை. இரண்டு கைகளையும் தூக்கி "அவுட்!" என்று துள்ளினான். பேஸ்போலில் ஆளில் பட்டால் அவுட் இல்லை; ஓடுகிறவன் தொடவேண்டிய பேஸில் நிற்பவனின் கைக்குப் பந்து முந்திப் போகவேண்டும். அந்தப் பந்தும் கல்லுப்போல இருக்கும். அடிபட்டவன் புல்லில் கிடந்து முனகினான். பேஸ்களில் நின்ற மற்ற இரண்டு பேரும் அவசரமில்லாமல் ஓடி ஓட்டங்களை எடுத்தார்கள். நடுவரே சிரித்துவிட்டார்.

கொலின்ஸின் அணியில் முதலாம் பேஸில் நின்றவன் கொண்டச்சி ஊர்க்காரன் அஸ்மி. அணியில் தமிழ் பேசும் இன்னொருவன் அவன்தான். "மச்சான், இது கொலைக் கேஸ்டா! ஆளுக்கு எறியிறல்ல, என்ட கைக்கு எறி."

"எனக்கு விளங்குது. என்ர கைக்குத்தான் விளங்கேல்லை."

உண்மையும் அதுதான். அசையாமல் நீட்டிய கையுறையைக் கண்டால் அவன் எறிவது ஒரு முழம் தள்ளிப்போகும். இரண்டு கிழமை இப்படியே போனபின் கொலின்ஸே வழி கண்டுபிடித்தான். "அஸ்மி, நிக்காதை. பேஸுக்கு ஓடி வா." அஸ்மி ஓடிவந்தான். அவன் கை வரப்போகும் இடத்துக்குப் பந்து போய்க் காத்திருந்தது. பத்துக்குப் பத்து. பயிற்றுநருக்கு அது பிடிக்கவில்லை. ஆள் பேஸில் வந்து நின்ற பிறகே எறியவேண்டும் என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார்.

தவணையின் கடைசி ஆட்டம். அன்றைய விளையாட்டைப் பார்த்துத்தான் அவனை வைத்திருப்பதா அனுப்புவதா என்ற முடிவு. கடைசிச் சுற்றில் அவர்கள் ஒரே ஒரு ஓட்டம் முன்னே நின்றார்கள். எதிரணியில் இரண்டு பேர் அவுட். இன்னொருவர் அவுட்டானால் வெற்றி.

அடித்த பந்து உருண்டு கொலின்ஸிடம் வந்தது. மூன்றாம் பேஸில் நின்றவன், ஓட்டத்தைச் சமப்படுத்த, கடைசியான வீட்டுப் பேஸை நோக்கி ஓடினான். எல்லேயாக இருந்தால் அவன் முதுகு எறியச் சொல்லி அழைக்கும் முதுகு. கொலின்ஸ் அதைப் பார்க்கவேயில்லை. அடித்தவன் முதலாம் பேஸை மிதிக்கமுன் பந்து அங்கே போகவேண்டும்; போனால் அவன் அவுட், மற்றவனின் ஓட்டமும் செல்லாது. ஆனால் மழை ஈரத்தில் அஸ்மி சறுக்கி விழுந்து, அப்போதுதான் எழும்பிக்கொண்டிருந்தான். பேஸில் ஒருவருமில்லை.

"எப்பா! எப்பா!" எறியவேண்டாம் என்று பயிற்றுநர் சிங்களத்தில் கத்தினார்.

கொலின்ஸ் அஸ்மியின் காலைப் பார்த்தான். எத்தனை எட்டில் வருவான் என்பது தெரிந்தது. வெறும் பேஸுக்கு எறிந்தான். அஸ்மி பாய்ந்து வந்து கையை நீட்ட, பந்து உள்ளே விழுந்தது. அடித்தவனின் கால் அதற்குப் பிறகுதான் பேஸில் பட்டது.

"நான் வராட்டி என்னடா செய்திருப்பாய்?" அஸ்மி மூச்சு வாங்கினான்.

"வந்தனீதானே!"

பயிற்றுநர் பாராட்டவில்லை. அடுத்த ஆட்டத்துக்கான பட்டியலில், இரண்டாம் மூன்றாம் பேஸ்களுக்கு இடைப்பட்ட இடத்துக்குக் கொலின்ஸின் பெயரை எழுதினார். அன்றிலிருந்து ஆறு ஆண்டுகளாக அந்த இடத்தில் வேறொருவரும் நின்றதில்லை, அவனுக்கு அம்மை போட்ட பத்து நாட்களைத் தவிர.